வெளியே கேட்காத கொட்டு

ஐஸ் பெட்டிக்குப் பிளக் பாயிண்ட் கிடைக்கவில்லை. கூடத்தில் இருந்தவை எல்லாம் டிவிக்கும் போன் சார்ஜருக்குமான சின்னப் பாயிண்டுகள். பெட்டியைக் கொண்டுவந்த ஆள் பெரிய பிளக்கைக் கையில் பிடித்துக்கொண்டு, "பந்த்ரா ஆம்பியர் சாஹியே, பந்த்ரா," என்று பதினைந்து ஆம்பியர் பாயிண்ட் கேட்டு ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். லிப்டில் நுழையாத பெட்டியை நாலு மாடியும் படியேறித் தூக்கிவந்த இளைப்பு அவனுக்கு இன்னும் அடங்கவில்லை. வானமாமலை சோபாவை நகர்த்திச் சுவரோரமாகக் குனிந்து தேடிக்கொண்டிருந்தார்.

"ஃபிரிட்ஜக் கழத்துங்க அத்தான்," என்றாள் கலைச்செல்வி.

"உள்ள பாலு, தோச மாவு எல்லாம் கெடக்கேட்டி," என்றாள் வானமாமலையின் மனைவி செண்பகவல்லி.

"கெட்டா கெடட்டும்க்கா."

ஃபிரிட்ஜைக் கழற்றி, அந்தப் பாயிண்டில் பெட்டியை மாட்டினார்கள். பெட்டி உறுமத் தொடங்கியதும் நாலு பேர் சேர்ந்து வானமாமலையின் தம்பி ராஜபாண்டியைத் தூக்கி உள்ளே வைத்தார்கள். கண்ணாடி மூடியில் உடனே பனி பூத்தது. செண்பகவல்லி முந்தானையால் துடைத்தாள். துடைக்கத் துடைக்க மறுபடி பூத்தது. கொஞ்ச நேரத்தில் அவளும் விட்டுவிட்டாள்.

ராஜபாண்டி லிப்ட் மெக்கானிக். திலக் நகரில் பழைய கட்டடங்களை இடித்துவிட்டு எழுப்பிய மாடிகளில் முக்கால்வாசி லிப்டுகள் அவன் கை பட்டவை. இந்தக் கட்டடத்து லிப்டும் அப்படித்தான். நேற்றுச் சாயங்காலம் ரயில்வே ஸ்டேஷன் பக்கம் ஒரு லிப்டைச் சரிபார்த்துவிட்டுக் கீழே இறங்கி, டீக்கடையில் கிளாஸைக் கையில் வாங்கியவன் அப்படியே சாய்ந்துவிட்டான். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனபோது உயிர் இல்லை. அழவேண்டியதை எல்லாம் கலைச்செல்வி அங்கேயே, அந்த ஆஸ்பத்திரி வராந்தாவிலேயே அழுது தீர்த்திருந்தாள். வீட்டுக்கு வந்தபிறகு அவளுக்கு வந்தது எரிச்சல்தான். சாவு வீட்டில் எல்லாருக்கும் ஏதாவது ஒரு வேலை கிடைத்துவிடுகிறது, செத்தவனையும் அவன் பெண்டாட்டியையும் தவிர. ஒருவர் நாற்காலிக்குச் சொல்கிறார், ஒருவர் பூவுக்குப் போகிறார். அவள் மட்டும் பெட்டிக்குப் பக்கத்தில், உட்காரவைத்த இடத்தில் உட்கார்ந்திருந்தாள்.

அவர்களுக்குப் பிள்ளை இல்லை. கொள்ளி வைக்கவேண்டியவன் வானமாமலையின் மகன் சுடலைக்கண்ணன். அவன் துபாயிலிருந்து விமானம் ஏறிவிட்டான். மதியத்துக்கு மேல் வந்துவிடுவான், வந்ததும் எடுத்துவிடலாம் என்று முடிவாகியிருந்தது.

பைசான் வந்தபோது பெண்கள் ஒரு பாட்டம் அழுது ஓய்ந்திருந்தார்கள். ராஜபாண்டிக்குப் பள்ளிக்கூட நாளிலிருந்து கூட்டாளி. தாராவியில் தோல்பைப் பட்டறை வைத்திருக்கிறான். ஒற்றை நாடி உடம்பு, நரைத்த தாடி, தோளில் ஒரு பை. பெட்டியின் மூடிமேல் உள்ளங்கையை வைத்து, "என்ன மச்சான்," என்றான். பதில் வரும் என்று எதிர்பார்த்தவன் மாதிரி கொஞ்ச நேரம் நின்றான். பிறகு வெளியே போய்விட்டான்.

கலைச்செல்வி இருந்த இடம் கதவுக்கு நேர். வாசலில் ஆண்கள் பேசுவது அவளுக்கு நன்றாகவே கேட்டது.

"அண்ணே, கொட்டுக்கு ஆள் சொல்லவா? நம்ம கிராஸ் ரோட்டுல செட்டு இருக்கு. ஒரு போன் போட்டா டெம்போவுல ஏறி வந்துருவானுவ," என்றான் பைசான்.

"வேண்டாம்," என்றார் வானமாமலை.

"பில்டிங் சோசைட்டில ஏதும் சொல்லுவானுவன்னா, செக்ரெட்டரிட்ட நான் பேசிக்கிடுதேன்."

"சோசைட்டிக்காக இல்ல பைசான். எங்க ஆத்தா சாவுக்கே நாங்க கொட்டு வைக்கல. ஒனக்குத் தெரியாததா?"

"தெரியும்ணே. ஆனா இவன் பாண்டில்லா. பாண்டியக் கொட்டு இல்லாமக் கொண்டு போறதுன்னா…"

"அவனுக்குத்தான் மொதல்ல வேண்டாங்கேன்." வானமாமலையின் குரல் உயரவில்லை. முப்பது வருஷம் பஸ்ஸில் டிக்கெட் கிழித்தவர். கூட்டத்தில் குரலை எங்கே வைக்கவேண்டும் என்று தெரிந்தவர். "இருக்கும்போதுதான் அந்தக் கொட்டக் கட்டிக்கிட்டு அழுதான். போறபோதாவது நிம்மதியாப் போகட்டும்."

பிளாஸ்டிக் நாற்காலி இழுபடும் சத்தம் மட்டும் கேட்டது.

பெட்டியைச் சுற்றி உட்கார்ந்திருந்த பெண்களில் பாதிப் பேருக்கு இந்தச் சங்கதி தெரியும். மீதிப் பேர், குடித்தானோ, சேட்டை ஏதும் உண்டோ என்கிற முகத்தோடு கலைச்செல்வியைப் பார்த்தார்கள்.

கல்யாணத்துக்கு முந்தி ராஜபாண்டி ஒரு மெட்டல் ராக் பேண்டில் டிரம்ஸ் வாசித்தான். பேண்டின் பெயர் நைன்ட்டி ஃபீட், தாராவியில் அவர்கள் வளர்ந்த ரோட்டின் பெயர். பைசான் கித்தார். பாந்த்ராப் பையன் ஒருவன் பாட்டு. முதல் ஆல்பம் படுவேகம். கல்லூரி விழாக்களில் பிள்ளைகள் கழுத்துச் சுளுக்கத் தலையாட்டினார்கள். இரண்டாவது ஆல்பத்துக்கு ராஜபாண்டி வைத்த பெயர் 'துட்டி'. சாவு வீட்டுக்குப் போய் விசாரிப்பதைத் திருநெல்வேலிப் பக்கம் அப்படித்தான் சொல்வார்கள். அதில் அவன் வேகத்தை எல்லாம் கழற்றி வைத்துவிட்டு, தாராவியில் பாடைக்கு முன்னால் அடிக்கிற சாவுக்கொட்டை டிரம்ஸில் கொண்டுவந்து இறக்கினான். மேடையில் அதை வாசித்த முதல் நாள் பாதிக் கூட்டம் கூச்சல் போட்டு எழுந்து போனது, மீதிப் பாதி அசையாமல் நின்றது. இது மெட்டலே இல்லை என்று ஒருவன் எழுதினான். இதுதான் மெட்டல், மற்றதெல்லாம் சத்தம் என்று இன்னொருவன் எழுதினான். பாந்த்ராப் பையன் கழன்றுகொண்டான். பேண்டு அத்தோடு முடிந்தது, சண்டை முடியவில்லை. இணையத்தில் அது இன்னமும் நடக்கிறது. திட்டுகிறவன், கொண்டாடுகிறவன் இரண்டு பேர் எழுதியதையும் ராஜபாண்டி போனில் படித்துவிட்டுத் தனக்குள் சிரித்துக்கொள்வான். என்ன சிரிப்பு என்று கலைச்செல்வி கேட்டதில்லை.

அந்த ஆல்பத்தை அவள் கேட்டதும் இல்லை. பதினெட்டு வருஷம் ஒரே கூரைக்குக் கீழே இருந்து கேட்டதில்லை.

கல்யாணமான புதிதில் தாராவி வீட்டில் அவன் ஒருமுறை போட்டான். முதல் கொட்டு விழுந்த நொடியில் மாமியார் அடுப்படியிலிருந்து வந்து ஸ்விட்சை அணைத்தாள். சத்தம் போடவில்லை. "எவன் வீட்ல எழவு விழுந்தாலும் ஒங்க தாத்தன் கொட்டத் தூக்கிட்டு ஓடணும். ராத்திரி பகல் கெடையாது, மழ வெயில் கெடையாது. வரமாட்டேன்னா அடி. அந்தக் கொட்ட அங்கன போட்டுட்டு ரயிலேறுனவ நான். நீ அதப் பெட்டிக்குள்ள வச்சு எங்கிட்டயே கொண்டாந்து போடுதியா?" என்றாள். "என் உசுரு இருக்க வரைக்கும், போன பெறகும், நம்ம வீட்ல அந்தச் சத்தம் கேக்கப்பிடாது." மகன்கள் இரண்டு பேரும் தலையாட்டினார்கள்.

கலைச்செல்வி அணுசக்தி நகரில் வளர்ந்தவள். அப்பாவுக்கு அங்கே ஹெல்பர் வேலை. கொட்டு என்றால் என்னவென்றே தெரியாமல் வளர்த்திருந்தார்கள். அத்தையின் ரோஷம் அவளுக்கு வேறு யாருடைய ரோஷமோ மாதிரிதான் இருந்தது. அவளுடைய காரணம் சாதாரணமானது. ஆள் வாழ்கிற வீட்டில் சாவுக்கொட்டு ஆகாது, அவ்வளவுதான். அத்தை போய்ச் சேர்ந்து, அவர்கள் திலக் நகருக்கு வந்தபிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை ராஜபாண்டி கேட்டான்: "இப்பப் போட்டுக் கேக்கலாமா கலை?" அவள் கீரை ஆய்ந்துகொண்டே, "சும்மா இருக்கிற வீட்ல எதுக்கு அது?" என்றாள். "அதுவும் சரிதான்," என்று எழுந்து போனான். கோபம் இல்லை. கோபப்பட்டிருந்தால்கூட இரண்டு பேரும் பேசியிருப்பார்கள்.

போன வருஷம் யாரோ ஒரு சின்னக் கம்பெனிக்காரன் பழைய டேப்புகளைத் தேடியெடுத்து, சுத்தம் செய்து, உயர்ந்த தரத்தில் மறுபடி வெளியிட்டான். அதிலிருந்து ராஜபாண்டி ஞாயிறுதோறும் பைசான் பட்டறைக்குப் போனான். தோல் சுருள்களைக் கூரை வரைக்கும் அடுக்கியிருக்கிற அறை. எதிரொலி கிடையாது, அங்கே கேட்டால்தான் கேட்டது என்பான். திரும்பி வரும்போது முகம் தெளிந்திருக்கும். சாப்பாடு இரண்டு வாய் கூட இறங்கும். அவள் அதைக் கவனித்தாள், குழம்பு ஊற்றினாள், என்ன கேட்டீர்கள் என்று மட்டும் கேட்கவில்லை.

பைசானுக்குத் தெரிந்த ராஜபாண்டியை எனக்குத் தெரியாது. பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த கலைச்செல்விக்கு இது பளிச்சென்று உறைத்தது. அவனை எடுத்தபிறகு வீட்டைக் கழுவி விளக்கேற்றிவிடுவார்கள். அதன்பிறகு இது மறுபடியும் ஆள் வாழ்கிற வீடு. வாழ்கிற வீட்டில் ஆகாது என்று அவள்தான் சொன்னாள். அந்தக் கொட்டு கேட்பதற்கு ஏற்ற வீடாக இது இருக்கப்போவது இன்னும் சில மணி நேரம்தான்.

எழுந்து வாசலுக்குப் போனாள். துட்டிக்காரி எழுந்து நடமாடுவதைப் பார்த்து நாற்காலிகளில் பேச்சு நின்றது.

"அண்ணே, அந்தப் பாட்டு வச்சிருக்கியளா?"

பைசான் அண்ணாந்து பார்த்தான். "எந்தப் பாட்டு தங்கச்சி?"

"துட்டி."

"இருக்கு. எப்பவும் பையிலதான் கெடக்கும்." தோள்பையைத் தொட்டான். "ஆனா இப்பவா?"

"இப்பத்தான் போடலாம்ணே. பெறகு ஆகாது."

அவன் பையிலிருந்து கைக்கடக்கமான ஒரு பிளேயரையும் தடித்த ஹெட்போன் ஒன்றையும் எடுத்தான். காதில் பதிகிற மெத்தையைப் பழசு உதிர்ந்துபோனதால் பைசானே ஆட்டுத்தோலில் தைத்திருந்தான். தையல் அவன் பட்டறைப் பைகளில் இருக்கிற அதே நெருக்கத் தையல்.

"அது கடைசிப் பாட்டுலதான் வரும். ரொம்ப நீளம். சண்டையே அதுக்குத்தான். நேரா அதப் போட்டுத் தரவா?"

"மொதல்ல இருந்து கேக்கேன்," என்றாள். எதையும் நடுவில் எடுக்கிற பழக்கம் அவளுக்கு இல்லை. நேரம் இருக்கிறது என்று நினைத்தாள்.

"இன்னொண்ணு சொல்லுதேன். பழைய சிடில எல்லாத்தையும் ஒரே கோணியில போட்டு அமுக்குன மாதிரி இருக்கும். அதான் பாதிப் பேரு ஏசுனான். இதுல அப்படி இல்ல, ஆளு ஆளா நிக்கான். பொறுமையாக் கேளு."

முதல் பாட்டு அவளுக்குப் பிடிக்கவே இல்லை. ரோட்டைத் தோண்டுகிற மிஷின் காதுக்குள் இறங்கியது போல இருந்தது. பாந்த்ராப் பையன் தொண்டை கிழியக் கத்தினான். இதற்கா பதினெட்டு வருஷம் என்று அவளுக்குக் கோபம்கூட வந்தது. இரண்டாவது பாட்டில் ஹெட்போனைக் கழற்றிவிட்டு மறுபடி வாசலுக்கு வந்தாள்.

"இதுல அவுக எங்க இருக்காக?"

"கத்துதவன விட்டுரு. கித்தாரயும் விட்டுரு, அது நாந்தான்," என்றான் பைசான். அன்றைக்கு முதல்முறையாக அவன் முகத்தில் சிரிப்பு மாதிரி ஒன்று வந்து போனது. "கீழ கேளு. எல்லாத்துக்கும் கீழ."

கீழே கேட்டாள். மூன்றாவது பாட்டில் கொஞ்சம் கொஞ்சமாகப் பிடிபட்டது. இரைச்சலுக்கு அடியில் ஒரு ஆள் அவசரமே இல்லாமல் வேலை பார்த்துக்கொண்டிருந்தான். வலதுபக்கம் தகட்டில் குச்சி படுவது தனியாகக் கேட்டது. இடதுபக்கம், காதுக்குக் கொஞ்சம் பின்னால், தோலில் விழுகிற அடி தனியாகக் கேட்டது. காலால் மிதிக்கிற பெரிய டிரம் நெஞ்சுக்குழியில் விழுந்தது. அவன் எவ்வளவு தூரத்தில் உட்கார்ந்திருக்கிறான், எந்தக் கையை எடுத்து எங்கே போடுகிறான் என்பதுகூடத் தெரிவது போல இருந்தது. அவள் கண்ணை மூடிக்கொண்டாள். பெட்டியின் உறுமல் கேட்கவில்லை, பெண்களின் அழுகை கேட்கவில்லை. கூட்டம் நிறைந்த கூடத்தில் அவளும் அவனுமாக இருந்தார்கள். ஆனால் அவன் அவளை அறியாத இருபத்தாறு வயதுக்காரன்.

தோளைத் தட்டினார்கள். செண்பகவல்லி.

"ஏட்டி, யாருட்டப் பேசுத?"

"யாருட்டயும் இல்லக்கா. பாட்டு கேக்கேன்."

அழுதுகொண்டிருந்த ஒருத்தி அழுகையை நிறுத்திவிட்டுப் பார்த்தாள். செண்பகவல்லி குனிந்து காதோரமாக, "ஒனக்கு என்ன கிறுக்கா பிடிச்சிருக்கு? சனங்க என்ன நெனைக்கும்?" என்றாள். பிறகு அவள் முகத்தைப் பார்த்துவிட்டுக் குரலை இறக்கினாள். "நீர்மாலைக்கு நேரமாச்சு. எந்திரி தாயி."

எழுந்தாள். குளிப்பாட்டத் தண்ணீர் எடுத்து வருகிற சடங்கு அது. ஊரில் ஆற்றுக்குப் போவார்கள், கொட்டு முன்னால் போகும். இங்கே கீழே இறங்கி, கட்டடத்துத் தொட்டிக் குழாயில் குடத்தை நிறைத்து, வேட்டியை நாலு முனை பிடித்து அதன் நிழலில் ஏறி வந்தார்கள். நாலு மாடி. யாரும் பேசவில்லை. செருப்பில்லாத கால்கள் படியில் ஒட்டி ஒட்டி எடுபட்டன. இரண்டாம் மாடிக்காரர்கள் கதவைக் கொஞ்சமாகத் திறந்து பார்த்துவிட்டுச் சாத்திக்கொண்டார்கள். ஒரு கொட்டு இருந்திருந்தால் இந்தச் சங்கடம் இருந்திருக்காது என்று கலைச்செல்விக்குத் தோன்றியது. எதற்காகக் கொட்டு வைக்கிறார்கள் என்று அவளுக்கு அன்றைக்குத்தான் விளங்கியது. யாரும் எதுவும் பேசவேண்டியதில்லை.

குளிப்பாட்டி, உடுத்தி, நெற்றியில் காசு ஒட்டி மறுபடி கூடத்தில் கிடத்தினார்கள். அவளுடைய பிறந்த வீட்டார் அவளுக்குக் கோடிச் சேலை போர்த்தினார்கள். அழுகை ஒரு சுற்று வந்தது. அது ஓய்ந்ததும் அவள் ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டாள். இந்தமுறை யாரும் எதுவும் கேட்கவில்லை. துக்கத்தில் புத்தி கலங்கிவிட்டது என்று தீர்மானித்துவிட்டார்கள் போல. அது அவளுக்கு வசதியாகவே இருந்தது.

நாலாவது, ஐந்தாவது, ஆறாவது பாட்டு. நடுவில் வாய்க்கரிசிக்குக் கூப்பிட்டார்கள், போய் வந்தாள். ஏழாவது பாட்டு ஓடிக்கொண்டிருந்தபோது வாசலில் சலசலப்பு. சுடலைக்கண்ணன் டிராலிப் பெட்டியோடு நின்றான். "சித்தி," என்று வந்து அவள் முன்னால் மண்டியிட்டு அழுதான். அவள் அவன் தலையைத் தடவினாள். காதில் பாட்டு ஓடிக்கொண்டுதான் இருந்தது. அவன் அழுகை ரொம்ப தூரத்தில் இருந்து வந்தது.

அதன்பிறகு எல்லாம் அவசரம். வண்டி கீழே வந்துவிட்டது, மழை வருகிற மாதிரி இருக்கிறது, ஆபீஸ் விடும் நேரத்தில் மாட்டிக்கொண்டால் சிக்னல் தாண்ட முடியாது. வானமாமலை எல்லாரையும் விரட்டிக்கொண்டு வந்தவர், அவள் கழுத்தில் தொங்கிய ஹெட்போனைப் பார்த்து நின்றார்.

"பைசான் சொன்னான். அதத்தான் கேக்கியாம்மா?"

"ஆமா அத்தான்."

"ஆத்தா சொன்னது ஒனக்கும் தெரியும்ல?"

"தெரியும்."

அவர் தம்பியின் முகத்தைப் பார்த்தார். கட்டியிருந்த தாடைத்துணி நெகிழ்ந்திருந்தது. குனிந்து அதைச் சரிசெய்தார். நிமிராமலே கேட்டார்:

"வெளிய கேக்குமா?"

"கேக்காது அத்தான். எனக்கு மட்டுந்தான்."

"அப்பச் செரி," என்றார். துண்டை வாயில் வைத்துக்கொண்டு நகர்ந்துபோனார்.

லிப்டில் படுக்கவைக்க இடமில்லை. படிவழியாகத்தான் இறக்கினார்கள். ஒவ்வொரு திருப்பத்திலும் பாடையைச் சாய்க்க வேண்டியிருந்தது. "சம்பாலோ, சம்பாலோ," என்று யாரோ பார்த்துப் பிடிக்கச் சொல்லிக்கொண்டே போனார்கள். பெண்கள் கீழ்க்கேட் வரைக்கும்தான். வண்டிக் கதவு சாத்தியதும் அழுகை ஓங்கி எழுந்து, வண்டி திரும்பியதும் அடங்கியது. பைசான் கடைசி ஆளாக ஆட்டோவில் ஏறினான். ஏறும்போது அவளைப் பார்த்து, காதைத் தொட்டுக் காட்டினான். கேட்டாயா என்கிறான் என்று அவளுக்குப் புரிந்தது. இல்லை என்று தலையசைத்தாள்.

மேலே வந்தபோது பெட்டிக்காரன் பிளக்கைப் பிடுங்கிக்கொண்டிருந்தான். செண்பகவல்லி இடுப்பில் சேலையைச் செருகிக்கொண்டு வாளியில் தண்ணீர் பிடித்தாள். துடைப்பத்தோடு இன்னொருத்தி அடுப்படிக்குள் போனாள். கழுவல் உள்ளிருந்து தொடங்கி வாசலில் முடியும்.

கலைச்செல்வி கூடத்தில் மிச்சமிருந்த ஒரு பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தாள். பெட்டி இருந்த இடத்தில் தரை ஈரமாக இருந்தது. அவன் போய்விட்டான். முறைப்படி பார்த்தால் நேரம் முடிந்துவிட்டது. இன்னும் அரை மணி நேரம் கொடுத்திருந்தால் என்ன, மொதல்ல இருந்து கேக்கேன் என்று சொன்ன என் வாயை என்ன செய்ய என்று ஆத்திரமாக வந்தது. ஹெட்போனைச் சேலைத் தலைப்பில் சுற்றிப் பையில் போட்டுவிடலாம் என்று எடுத்தாள். எடுத்தவள் காதில் மாட்டிக் கடைசிப் பாட்டை அழுத்தினாள்.

கித்தார் இல்லை, கத்தல் இல்லை. வெறும் ஓர் அறையின் அமைதி. எங்கோ ஒரு நாற்காலி கிறீச்சிட்டது. பிறகு கொட்டு.

அது வேகமாக இல்லை. மூன்று அடி, ஒரு நிறுத்தம், மறுபடி மூன்று. பாடை தூக்குகிறவர்கள் கால் மாற்றிக்கொள்ள நேரம் விட்டு அடிக்கிற அடி. வண்டி இப்போது பாலத்துக்குக் கீழே சிக்னலில் நிற்கும். வானமாமலை முன்சீட்டில் நேராகப் பார்த்துக்கொண்டிருப்பார். சத்தமே இல்லாமல் போய்க்கொண்டிருக்கிற அந்த வண்டிக்கு முன்னால் இந்தக் கொட்டு நடந்தது. ராஜபாண்டி தனக்குத்தானே அடித்துக்கொண்டு போனான்.

பாட்டு நடுவை எட்டியபோது அவளுக்கு இன்னொன்று கேட்டது. முதலில் பெட்டிக்காரன் எதையோ இழுக்கிறான் என்று நினைத்தாள். இல்லை, உள்ளேதான். ஒவ்வொரு நிறுத்தத்திலும், அடுத்த மூன்றுக்கு முன்னால், மூக்கு வழியாக ஒரு மூச்சு. இழுத்து, அடக்கி, அடியோடு சேர்த்து விடுகிற மூச்சு. தலைக்குமேலே தொங்கவிட்டிருந்த மைக் அதையும் பிடித்து வைத்திருக்கிறது. கோணியில் அமுக்கிய பழைய சிடியில் இது இருந்திருக்காது. இறுகிய ஸ்க்ரூவைத் திருப்பும்போதும், அலமாரியை நகர்த்தும்போதும், அவள் தூங்கிவிட்டாள் என்று நினைத்துப் போர்வையை மெல்ல இழுத்துவிடும்போதும் அவன் விடுகிற அதே மூச்சு. பைசானுக்கு இது கேட்டிருக்கும். யாருடைய மூச்சு என்று தெரிந்திருக்கும். எப்படிப்பட்ட மூச்சு என்று தெரிந்திருக்காது.

அவள் உட்கார்ந்திருந்தாள். கன்னம் நனைந்து கழுத்துக்கு இறங்கியதைத் துடைக்கவில்லை. கை அசைந்தால் ஹெட்போன் உரசும்.

செண்பகவல்லி வாளியோடு எதிரே வந்து நின்றாள். வாய் அசைந்தது. கூடத்தையும் நாற்காலியையும் வாசலையும் கையால் காட்டினாள். மறுபடி வாய் அசைந்தது. பிறகு காத்திருந்தாள். பாட்டில் இன்னும் பாதி மீதமிருந்தது.

கலைச்செல்வி எழுந்திருக்கவில்லை. இரண்டு காலையும் தூக்கி நாற்காலிமேல் மடித்து வைத்துக்கொண்டாள். செண்பகவல்லி கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு வாளியைச் சாய்த்தாள். தண்ணீர் நாற்காலிக்கு அடியில் புகுந்து வாசலைப் பார்த்து ஓடியது.